மாமாவைப் பற்றிப் பேத்தியிடம் சொல்லலாமா?

கேள்வி: அக்கா, 1949இல் இங்கே தென்னாப்பிரிக்காவின் டர்பனில் ஆப்பிரிக்கர்களுக்கும் இந்தியர்களுக்கும் நடுவே மூண்ட கலவரத்தில் என் தாய்மாமாவை நகரை ஒட்டிய கேட்டோ மேனரில் அடித்துக் கொன்றுவிட்டார்கள். நான் அப்போது பிறக்கவே இல்லை. ஒரு போட்டோகூடக் கிடையாது. பொங்கல் வந்தாலே அம்மா அழுதுகொண்டுதான் பானை வைப்பார். இப்போது அம்மாவும் இல்லை. பேத்தியிடம் சொல்லலாம் என்றால், "பிள்ளை மனசில் ஜூலு ஆட்கள்மேல் வெறுப்பை வளர்க்காதீங்க" என்று மகன் தடுக்கிறான். அப்படியே விட்டுவிடவா?
- ஒரு வாசகி, சாட்ஸ்வர்த்

பதில்: விடாதீர்கள் அம்மா. மகனின் பயம் நியாயம்தான். 2021 ஜூலைக் கலவரத்தில், நம்மவர் அதிகம் வாழும் ஃபீனிக்ஸில் 36 பேர், பெரும்பாலும் கறுப்பின மக்கள், கொல்லப்பட்டபோது, நம்மவர்களில் சிலர் அதை நியாயப்படுத்த '49ஐ இழுத்து வந்தார்கள். என் காதாலேயே கேட்டேன். நீங்கள் சொல்லாவிட்டால் பேத்தி அந்த வாய்களிடமிருந்துதான் இதைத் தெரிந்துகொள்வாள்.

சொல்வதை முழுசாகச் சொல்லுங்கள். 1949 ஜனவரி 13, டர்பன் விக்டோரியா ஸ்ட்ரீட் பக்கம் ஓர் ஆப்பிரிக்கச் சிறுவன் இந்தியக் கடைக்காரரிடம் அடி வாங்கியதிலிருந்து கலவரம் மூண்டது. அரசுக் கணக்குப்படி இறந்தவர்கள் 142 பேர். அதில் இந்தியர் 50, ஆப்பிரிக்கர் 87. அந்த ஆப்பிரிக்கர்களில் பலர் போலீசும் ராணுவமும் சுட்டதில் விழுந்தவர்கள். நம் வீடுகளில் இந்த 87ஐ யாரும் வாயெடுத்துச் சொல்வதில்லை. எனக்கு அது பெரிய வருத்தம். பஸ்ஸும் கடையும் நம்மவர் கையில், கேட்டோ மேனர் குடிசைகளின் வாடகையும் நம்மவருக்கு. அந்தக் கோபம் நம்மேல் வெடித்தது. யார் எங்கே குடியிருக்கலாம் என்று சட்டம் போட்ட வெள்ளை அரசுக்கு ஒன்றும் ஆகவில்லை.

எங்கள் ஆயாவையும், அதாவது பாட்டியையும், அவர் பிள்ளைகளையும் அன்று பக்கத்துக் குடிசை ஜூலு அம்மாதான் ஒளித்து வைத்தார். கட்டிலுக்கு அடியில் தள்ளி, முன்னால் சோள மூட்டையை இழுத்துப் போட்டு, வாசலில் உட்கார்ந்துகொண்டாராம். எங்கள் வீட்டில் '49ஐப் பேசினால் அவரை விட்டுவிட்டுப் பேச மாட்டோம்.

ஆனால் சாவிலிருந்து ஆரம்பிக்காதீர்கள். மாமா என்ன வேலை பார்த்தார்? விடியற்காலை மார்க்கெட்டுக்குக் கீரை கொண்டுபோனாரா? செகண்ட் ரிவர் கோயிலில் காவடி எடுத்தாரா? உங்கள் அம்மாவை எப்படிக் கூப்பிடுவார்? அம்மா சொல்லிக் காதில் விழுந்தது எல்லாவற்றையும் இந்த வாரமே எழுதி வையுங்கள். அந்தத் தலைமுறையில் சொந்தக்காரர் யாராவது இருந்தால் முதலில் அவர்களிடம் போங்கள், மற்றதெல்லாம் அப்புறம். குவாசூலு-நேட்டால் பல்கலைக்கழகத்தின் வெஸ்ட்வில் வளாகத்தில் காந்தி-லுத்துலி ஆவண மையம் இருக்கிறது. அந்தக் காலத்து 'இந்தியன் ஒப்பீனியன்' இதழ்களை அங்கே கேட்டுப் பாருங்கள்.

பேத்திக்குத் தமிழ் வராதென்றால் இங்கிலீஷிலேயே சொல்லுங்கள், அவள் போனில் பதிவு செய்துகொள்ளட்டும். வருகிற பொங்கலுக்குப் பானை வைக்கும்போதே ஆரம்பியுங்கள். மகனையும் பக்கத்தில் உட்கார வையுங்கள். அவரும் இதை முழுசாகக் கேட்டிருக்க மாட்டார் என்றே எனக்குத் தோன்றுகிறது.