1, 2, 5 நாணயங்களில் 10 சேர்க்க எத்தனை வழி? குழந்தை விட்டுவிடாமல் எண்ணுவது எப்படி?

மொத்தம் 10 வழிகள். ஆனால் விடையைவிட, ஒன்றும் விடுபடவில்லை என்று குழந்தைக்கே உறுதியாகத் தெரிவதுதான் முக்கியம். மனதில் தோன்றியபடி எழுதினால் சில விடுபடும், சில இரண்டு முறை வரும். 5+2+2+1, 2+1+5+2 இரண்டும் ஒரே நாணயங்கள்தான். வரிசை மாறினால் புது வழி ஆகாது. இதை முதலில் நிஜ நாணயங்களைக் கையில் கொடுத்தே காட்டுங்கள்.

அப்புறம் பெரிய நாணயத்திலிருந்து தொடங்கச் சொல்லுங்கள். இரண்டு 5 எடுத்தால் 10 முடிந்தது: 1 வழி. ஒரே ஒரு 5 என்றால் மீதி 5. அதில் 2-ஐ எத்தனை முறை எடுக்கலாம்? 0, 1 அல்லது 2 முறை: 3 வழிகள். 5 இல்லவே இல்லை என்றால் மீதி 10; 2-ஐ 0 முதல் 5 முறை வரை எடுக்கலாம்: 6 வழிகள். 1+3+6=10.

1 நாணயத்தைப் பற்றி நாம் யோசிக்கவே இல்லை, கவனித்தீர்களா? மிச்சத்தை அதுவே நிரப்பிவிடும். இந்த இடம் புரிந்துவிட்டால் பாதி வேலை முடிந்தது. பூஜ்யம் முறை எடுப்பதும் ஒரு வழிதான்; பிள்ளைகள் பெரும்பாலும் கோட்டை விடுவது அங்கேதான்.

சரி, அடுத்து 11 கொடுங்கள். 1+4+6, அதாவது 11 வழிகள். "10-க்கு 10, 11-க்கு 11, அப்படியானால் 12-க்கு 12" என்று குழந்தை சொல்லக்கூடும். திருத்தாமல் எண்ணவிடுங்கள்: 2+4+7=13.