திருடா திருடா ஏன் இன்னும் அலுக்கவில்லை? கேள்வி பதில்

கேள்வி: நான் 2000க்குப் பிறகு பிறந்தவன். 'திருடா திருடா' படத்தின் கதை என்ன, சுருக்கமாக?

பதில்: அரசாங்கம் அச்சடித்த 1000 கோடி ரூபாய் கன்டெய்னரோடு காணாமல் போகிறது. அழகு, கதிர் என்று இரண்டு சில்லறைத் திருடர்கள் (பிரசாந்த், ஆனந்த்), கூடவே ராசாத்தி என்ற கிராமத்துப் பெண் (ஹீரா), மூன்று பேரும் அதில் போய் மாட்டிக்கொள்கிறார்கள். பின்னால் வில்லனின் ஆட்கள், அவர்களுக்கும் பின்னால் சிபிஐ. மீதியெல்லாம் ஓட்டம்தான்.

கேள்வி: மணிரத்னம் படம், வசனம் சுஜாதா, கேமரா பி.சி. ஸ்ரீராம், இசை ரஹ்மான். இத்தனை பேர் இருந்தும் அப்போது ஏன் கொண்டாடவில்லை?

பதில்: என் கணிப்பைச் சொல்கிறேன். 1991இல் தளபதி, 1992இல் ரோஜா. அதே கனத்தை எதிர்பார்த்து 1993 தீபாவளிக்குத் தியேட்டருக்குப் போனவர்களுக்கு, இரண்டு திருட்டுப் பயல்கள் ஒரு பெண்ணுக்காகச் சண்டை போட்டுக்கொண்டு ஓடுவது சப்பென்று இருந்திருக்கும். இன்று டிவியில் பாதியில் இருந்து பார்ப்பவனுக்கு அந்த எதிர்பார்ப்பே கிடையாது, அதனால் படம் அதன் பாட்டுக்குச் சிரிக்க வைக்கிறது. பணம் யாருக்குக் கிடைக்கும் என்பது தெரிந்த பிறகும் பார்க்க முடிகிறதே, அங்கேதான் விஷயம். நாம் பார்ப்பது பணத்தை அல்ல, அந்த மூன்று பேரின் சகவாசத்தை.

கேள்வி: 'ராசாத்தி' பாட்டில் வாத்தியமே இல்லை என்கிறார்களே, நிஜமா?

பதில்: நிஜம். ஷாகுல் ஹமீதின் குரல், பின்னால் கோரஸ், அவ்வளவுதான். ஹெட்ஃபோனில் கேளுங்கள்: தாளம் வர வேண்டிய இடத்தில் குரல்கள்தான் வந்து நிற்கும், தபேலாவோ கிட்டாரோ இல்லாத குறையே தெரியாது. சிரித்துக்கொண்டு ஓடும் படத்துக்கு நடுவில் இப்படி ஒரு ஒப்பாரிச் சாயலை வைக்க துணிச்சல் வேண்டும். அதே கேசட்டில்தான் அனுபமாவின் 'சந்திரலேகா'வும் இருந்தது என்பதை இப்போது நினைத்தாலும் நம்ப முடியவில்லை.

கேள்வி: 1000 கோடி ஒரே கன்டெய்னரில் அடங்குமா? சும்மா ஒரு சந்தேகம்.

பதில்: இந்தக் கேள்விக்காகவே காத்திருந்தேன்! அன்றைக்குப் புழக்கத்தில் இருந்த பெரிய நோட்டு, 1987இல் வந்த 500 ரூபாய். அப்படியென்றால் 2 கோடி நோட்டு. ஒரு நோட்டு சுமார் 1 கிராம் என்று வைத்தால் 20 டன். இருபதடி கன்டெய்னர் ஒன்றில் நெருக்கி அடுக்கினால் அடங்கிவிடும். நூறு ரூபாய் நோட்டு என்றால் 100 டன், கதை அங்கேயே படுத்துவிடும்.

கேள்வி: எஸ்.பி.பி.க்கு சிபிஐ அதிகாரி வேடம் ஒட்டியதா?

பதில்: எனக்கு ரொம்பப் பிடித்ததே அவர்தான். கத்துவதில்லை, முறைப்பதில்லை, பக்கத்து வீட்டு மாமா மாதிரி பேசிக்கொண்டே வளைத்துவிடுவார். வில்லனாக வரும் சலீம் கவுஸ் உதிர்க்கிற மிரட்டல் அத்தனைக்கும் அந்த நிதானம்தான் சரியான எதிர்ப்பாட்டு.

கேள்வி: குறையே இல்லையா அண்ணே?

பதில்: ஏன் இல்லை? துரத்தல் சில இடங்களில் இழுக்கும். முக்கோணக் காதலும் அவ்வப்போது வண்டியை நிறுத்திவிடும், அப்போது எழுந்து போய் டீ போட்டுக்கொண்டு வரலாம். ஆனால் ஸ்பெஷல் எஃபெக்ட்ஸுக்கும், சுந்தரம் மாஸ்டரின் நடன அமைப்புக்கும் தேசிய விருது வாங்கிய படம் இது. பாட்டு வரும்போது மட்டும் டீ போடப் போகாதீர்கள்.