யான் கிராஸ் நூல்கள்: எண்ணிக்கை தவறென்றால் எல்லாமே பொய்யா?

போலந்தின் யெட்வாப்னே என்ற ஊரில் 1,600 யூதர்கள் கொல்லப்பட்டதாக வரலாற்றாசிரியர் யான் கிராஸின் 'நெய்பர்ஸ்' நூல் சொல்வது மிகை, ஆகவே நூலே பொய் என்று உங்கள் நண்பர் வாதிடுகிறார். பாதி சரி. போலந்து அரசின் தேசிய நினைவு நிறுவனம் விசாரித்து, குறைந்தது 340 பேர் என்றது. அதுவும் முழுக் கணக்கல்ல. இறந்தவர்களின் உடலைக் கலைக்கக் கூடாது என்ற யூத மதவிதி காரணமாகப் புதைகுழியை முழுதாகத் தோண்டவில்லை. ஆனால் 1941 ஜூலை 10 அன்று யூதர்களைக் களஞ்சியத்தில் அடைத்து எரித்ததில் உள்ளூர் போலந்துக்காரர்களுக்கே முக்கியப் பங்கு என்பதை அதே விசாரணை ஒப்புக்கொண்டது. அப்போது போலந்தை ஆக்கிரமித்திருந்த ஜெர்மானியரின் தூண்டுதலும் இருந்தது. கிராஸ் அதைக் குறைத்துக் காட்டினார் என்ற குறை நியாயமானதே.

நண்பரிடம் அப்புறம் கிராஸின் 'ஃபியர்' நூலைக் கொடுங்கள். அது போருக்குப் பிந்தைய கதை. 1946 ஜூலை 4, போலந்து நகரம் கியெல்ட்சே. யூதர்கள் தன்னை நிலவறையில் அடைத்ததாக எட்டு வயதுப் பையன் சொன்னான். அவன் சொன்ன, யூதர்கள் வசித்த கட்டடத்தில் நிலவறையே கிடையாது! போலீஸ்காரர்கள் போய்ப் பார்த்தும் கும்பல் கலையவில்லை, சீருடைக்காரர்களும் சேர்ந்துகொண்டார்கள். சுமார் 40 யூதர்கள் செத்தார்கள். ஜெர்மானியர் தோற்றுப்போய் ஓராண்டுக்கு மேல் ஆகியிருந்தது. இதற்கு நண்பர் யாரைக் கைகாட்டுவார் என்று கேட்டுப் பாருங்கள்.