பெட்ஷீட் தைக்க 16,500 ரூபாய்க்கு மெஷின் வாங்கலாமா?

கேள்வி: திருமங்கலத்தில் இருக்கிறோம். கணவர், நான், மாமியார், இரண்டு பிள்ளைகள். பெட்ஷீட், தலையணை உறையெல்லாம் இனி வீட்டிலேயே தைத்துக்கொள்ளலாம் என்று ஆசை. மதுரை விளக்குத்தூண் பக்கம் 90 அங்குல அகலக் காட்டன் துணி மீட்டர் 180 ரூபாய் சொன்னார்கள். ரெடிமேடாக டபுள் பெட்ஷீட்டும் இரண்டு உறையும் சேர்ந்த செட் 750. மோட்டார் வைத்த தையல் மெஷின் 16,500, வட்டியில்லாத் தவணையிலும் கிடைக்கிறது. சீட்டு எடுத்த பணம் 20,000 கையில் இருக்கிறது. மாமியாரின் பழைய கால் மெஷின் ஓடாமல் கிடக்கிறது. புதிது வாங்கலாமா?

பதில்: வேண்டாம் சகோதரி. தைக்க வேண்டாம் என்று சொல்லவில்லை, தாராளமாகத் தையுங்கள், ஆனால் பெட்ஷீட்டை நம்பி மெஷின் வாங்காதீர்கள்.

நீங்கள் சொன்ன விலையிலேயே கணக்குப் போடுவோம். டபுள் கட்டிலுக்கு ஒரு விரிப்புக்கு 2.75 மீட்டர் வேண்டும். புதுக் காட்டன் முதல் தண்ணீரில் சுருங்கும், ஓரம் மடித்துத் தைக்கவும் போகும், அதனால் இதில் குறைக்காதீர்கள். உறைக்கு ஒன்றரை மீட்டர் எடுத்தால் நான்கு உறை வெட்டிவிடலாம். ஆக இரண்டு செட்டுக்கு 7 மீட்டர், 1,260 ரூபாய், நூலோடு 1,280 என்று வையுங்கள். ரெடிமேடில் இரண்டு செட் 1,500. மிச்சம் 220, செட்டுக்கு 110. மெஷின் காசை எடுக்க 150 செட் தைக்க வேண்டும். வருஷத்துக்கு நான்கு செட் என்றால் 37 வருஷத்துக்கு மேல் ஆகும்!

அகலம் குறைந்த 45 அங்குலத் துணி மலிவாகக் கிடைக்கிறதே என்று தோன்றும். அதில் இரண்டு நீளம் வாங்கி நடுவில் மூட்ட வேண்டும், அந்த மூட்டு படுக்கும்போது முதுகில் உறுத்தும்.

இந்தக் கணக்கில் உங்கள் பக்கம் ஒரு நியாயமும் இருக்கிறது. அந்த 750 ரூபாய் செட் முழுக் காட்டன்தானா என்று பாருங்கள். ஓரத்திலிருந்து ஒரு நூலை உருவி, தீக்குச்சியில் காட்டினால் தெரிந்துவிடும்: காட்டன் காகிதம் போல எரிந்து சாம்பலாக உதிரும், பாலியஸ்டர் கலந்திருந்தால் உருகி முனையில் கெட்டியாக உருண்டு நிற்கும். கலப்பு என்றால் நீங்கள் தைப்பது அதைவிட நல்ல சரக்கு, நம்மூர் சித்திரை வெயிலில் படுத்துப் பார்த்தால் வித்தியாசம் தெரியும். அப்படியானாலும் 16,500 செலவழிக்க அது காரணமாகாது.

மாமியாரின் மெஷினை முதலில் பாருங்கள். ஓடாமல் கிடக்கும் கால் மெஷினில் பெரும்பாலும் பெல்ட் தளர்ந்திருக்கும், இல்லையென்றால் பழைய எண்ணெய் இறுகியிருக்கும். மெக்கானிக்கை வரச்சொல்லி, பழுது பார்க்க என்ன ஆகும் என்று கேட்டுவிட்டுப் பிறகு முடிவெடுங்கள். விரிப்பு, உறையெல்லாம் நேர்த்தையல்தான், அதற்குக் கால் மெஷினே யதேஷ்டம்.

உண்மையில் காசு மிச்சமாகும் இடம் தலையணை. உறை இல்லை, தலையணையே. இலவம்பஞ்சுத் தலையணை அமுங்கிப்போனால் பலர் தூக்கிப் போட்டுவிட்டுப் புதிது வாங்குகிறார்கள். ஒரு பக்கத் தையலைப் பிரித்து, பஞ்சை எடுத்து நல்ல வெயிலில் காயவைத்து, கட்டிகளைக் கையால் பிய்த்துவிட்டு, கொஞ்சம் புதுப் பஞ்சு சேர்த்துத் திணித்தால் மறுபடி எழும்பி நிற்கும். பஞ்சுக்கு எங்கேயோ போக வேண்டாம், போடி பக்கத்துச் சரக்கு மதுரையிலேயே கிடைக்கிறது. நெருக்கமாக நெய்த மெத்தைத் துணியாக வாங்குங்கள், லேசான துணியில் பஞ்சு வெளியே வந்துவிடும். திணிக்கும்போது ஃபேனை நிறுத்துங்கள், மூக்கு வாயைத் துணியால் கட்டிக்கொள்ளுங்கள், அடுப்பு, விளக்குப் பக்கம் உட்காராதீர்கள், இலவம்பஞ்சு குபீரென்று பற்றிக்கொள்ளும்.

அப்புறம் அந்த வட்டியில்லாத் தவணை. முழுப் பணம் கொடுத்தால் எவ்வளவு குறைப்பீர்கள் என்று கடையில் கேளுங்கள். குறைக்கிறேன் என்றால் அந்தத் தள்ளுபடிதான் நீங்கள் கட்டப்போகும் வட்டி. அதற்கு மேல் செயலாக்கக் கட்டணம், அந்தக் கட்டணத்துக்கு 18 சதவீத ஜிஎஸ்டி.

தைத்து விற்கலாம் என்ற எண்ணம் மனதில் இருந்தால், பெட்ஷீட்டில் இறங்காதீர்கள். கரூர், சென்னிமலைச் சரக்கோடு விலையில் போட்டி போட முடியாது. கடையில் கிடைக்காத அளவுகளில்தான் உங்களுக்கு வேலை: பழைய மரக்கட்டிலுக்கு மெத்தை உறை, கைக்குழந்தை மெத்தை, திண்டு உறை. துணி அவர்களுடையது, உங்களுக்குத் தையல் கூலி மட்டும் என்று வைத்தால் கைக்காசு முடங்காது. அக்கம்பக்கத்தில் ஆர்டர் மாதாமாதம் நிற்காமல் வந்தால், அந்தக் கூலியைச் சேர்த்து வைத்தே மோட்டார் மெஷின் வாங்கிக்கொள்ளுங்கள்.

அதுவரை சீட்டுப் பணத்தில் இரண்டாயிரத்தைப் பழுதுக்கும் துணிக்கும் ஒதுக்கிவிட்டு, மீதி 18,000 ரூபாயை வங்கியில் உங்கள் பெயரிலேயே ஃபிக்ஸட் டெபாசிட்டாகப் போடுங்கள். பிள்ளைகளின் பள்ளிக் கட்டணம் வரும் மாதத்துக்கு முன்னால் முதிர்கிற மாதிரி தேதி பார்த்துப் போடச் சொல்லுங்கள்.