ஒரே படத்தோடு நின்றுவிட்டாரா மார்சேலியா கர்த்தாஷோ?

கேள்வி: பிரேசில் நடிகை மார்சேலியா கர்த்தாஷோ நடித்த 'ஆ ஓரா தா எஸ்ட்ரேலா' பார்த்ததிலிருந்து அந்த முகம் மனதை விட்டுப் போகவில்லை. 1986இல் பெர்லின் விழாவில் சிறந்த நடிகை விருது வாங்கியவர் அப்புறம் என்ன ஆனார்? எங்கள் திரைப்படச் சங்கத்தில் ஒரு சனி, ஞாயிறை அவருக்கென்றே ஒதுக்கப் போகிறோம். மூன்று படங்கள்தான் போட முடியும். எவை?

பதில்: அவர் எங்கும் போய்விடவில்லை, நடித்துக்கொண்டுதான் இருக்கிறார். பரையீபா மாநிலத்தின் கஜசெய்ராஸ் என்ற நகரத்து நாடகக் குழுவிலிருந்து வந்தவர். மேடையில் அவரைப் பார்த்துத்தான் இயக்குநர் சுசானா அமரால் அந்தப் படத்துக்கு அழைத்தார். ஒன்பது பிள்ளைகளின் தாயான சுசானாவுக்கு, ஐம்பது வயதைத் தாண்டி எடுத்த அதுதான் முதல் முழுநீளக் கதைப்படம். பெர்லின் விருதான வெள்ளிக் கரடி கைக்கு வந்தபோது மார்சேலியாவுக்கு வயது 22. பிரேசில் நடிகை ஒருவர் அந்த விருதைப் பெற்றது அதுவே முதல்முறை.

பிறகு ஏன் பெயர் அடிபடவில்லை? 1990இல் அதிபர் கொலோர், படங்களுக்குப் பணம் கொடுத்துவந்த எம்ப்ராஃபில்ம் என்ற அரசு நிறுவனத்தை மூடினார். அடுத்த சில ஆண்டுகள் அந்த நாட்டில் படமெடுப்பதே அரிதாகிவிட்டது. ஒரு நடிகையின் நல்ல வயது அந்த வறட்சியில் போனது எனக்கு இன்றும் ஆறாத வருத்தம்.

சரி, உங்கள் மூன்று படங்கள். சனிக்கிழமை மாலை 'ஆ ஓரா தா எஸ்ட்ரேலா'வையே போடுங்கள். சங்கத்தில் மற்றவர்களும் பார்க்க வேண்டுமே. மார்சேலியா ஏற்ற நாயகி மகாபேயா தட்டச்சு செய்யும் இடங்களைப் பெரிய திரையில் கவனியுங்கள். தாளில் அழுக்குப் படிகிறது, முதலாளி திட்டுகிறார். அவளோ எதிர்த்து ஒரு வார்த்தை பேசாமல், இருக்கிற இடமே தெரியாதபடி ஒடுங்கிக்கொள்கிறாள். அந்தத் தோள்களை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், ஞாயிறன்று தேவைப்படும்.

அன்றிரவே கரீம் ஐனூஸ் இயக்கிய 'மதாம் சதான்' (2002). 1930களின் ரியோ, லாப்பா பகுதி. கதாநாயகன் லாசரோ ராமோஸ்தான். மார்சேலியா அவரோடு ஒரே வீட்டில் கைக்குழந்தையுடன் வாழும் லவுரீத்தாவாக வருகிறார். துணைப் பாத்திரம் என்று தள்ளிவிடாதீர்கள். அந்த வீடு வீடாகத் தெரிவதே அவரால்தான். வன்முறையும் பாலியல் காட்சிகளும் உண்டு, பெரியவர்களுக்கு மட்டும் என்று அறிவிப்பில் போட்டுவிடுங்கள்.

ஞாயிறு காலைக்கு ஆலன் தெபெர்டனின் 'பகஹெச்சி' (2019). சியரா மாநிலத்தின் ருசாஸ் ஊரில், ஓய்வுபெற்ற பாலே ஆசிரியை ஒருத்தி (மார்சேலியா) ஊரின் இருநூறாவது ஆண்டு விழாவில் ஆடியே தீருவேன் என்று நிற்கிறாள். ஊர் அவளைப் பைத்தியம் என்கிறது. வீட்டு வாசல் நடைபாதையைக் கழுவிக்கொண்டே போகிற வருகிறவர்களை அதட்டுகிறாள் பாருங்கள், தலை நிமிர்ந்து, முதுகு விறைத்து. முந்தின நாள் ஒடுங்கி நின்ற அதே உடம்பு! இதற்காகப் பிரேசிலின் கிராமாடோ திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருதும் கிடைத்தது.

மூன்றுமே இரண்டு மணி நேரத்துக்குள் முடிபவை. திரையிடும் உரிமையைத் தயாரிப்பாளரிடமோ விநியோகஸ்தரிடமோ எழுத்தில் வாங்கிவிடுங்கள். படங்களைத் தேடும்போது போர்த்துகீசியத் தலைப்போடு இயக்குநர் பெயரையும் சேர்த்துத் தேடுங்கள். முதல் படத்துக்குப் புதுப்பித்த பிரதி இருக்கிறது, அதையே கேட்டு வாங்குங்கள். மங்கலான பழைய பிரதியில் அந்தக் கண்கள் தெரியாது.