உள் விசாரணை: வந்த கேள்விகளும் என் பதில்களும்

தொழிற்சங்க வேலையில் பல உள் விசாரணைகளில் (தொழிலாளி மீதான புகாரை நிர்வாகமே விசாரிப்பது) தொழிலாளி பக்கம் உதவியாளராக உட்கார்ந்திருக்கிறேன். வக்கீல் இல்லை, அதை மனதில் வைத்துப் படியுங்கள்.

சார், மெமோவை, அதாவது குற்றச்சாட்டுக் கடிதத்தை, வாங்கினாலே தப்பை ஒத்துக்கொண்ட மாதிரி ஆகிவிடுமாமே?

யார் கிளப்பிவிட்டது இதை? தாராளமாக வாங்குங்கள். ‘பெற்றுக்கொண்டேன்’ என்று எழுதி, தேதி போட்டுக் கையெழுத்துப் போடுங்கள். வாங்காவிட்டால் ‘வாங்க மறுத்தார்’ என்று சாட்சி வைத்து எழுதிக்கொண்டு மேலே போய்க்கொண்டே இருப்பார்கள், நஷ்டம் உங்களுக்குத்தான்.

மெமோவில் ‘ஒழுங்கீனமாக நடந்துகொண்டார்’ என்று மட்டும் இருக்கிறது. ஹெச்.ஆர். ஒரு மன்னிப்புக் கடிதம் கொடுத்தால் முடித்துவிடலாம் என்கிறார்.

கொடுக்காதீர்கள். நாளைக்கு விசாரணையில் முதல் ஆவணமாக வந்து நிற்கப்போவது அந்தக் கடிதம்தான். எந்தத் தேதி, எந்த ஷிப்ட், யாரிடம் என்ன செய்தேன் என்று சொன்னால்தான் பதில் தர முடியும், புகார் நகலும் வேண்டும், அதுவரை அவகாசம் வேண்டும் என்று எழுதி ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்பி, ரசீதைப் பத்திரமாக வையுங்கள்.

அண்ணா, சஸ்பென்ஷனில் ஐந்து மாதம் ஆகிறது. பாதிச் சம்பளம்தான் வருகிறது, அதுவும் போன மாதம் வரவில்லை.

சஸ்பென்ஷன் காலத்தில் நிர்வாகம் தரவேண்டிய தொகைதான் பிழைப்பூதியம். 1981இல் வந்த தமிழ்நாட்டுப் பிழைப்பூதியச் சட்டப்படி முதல் 90 நாளுக்கு 50 சதவீதம், அதற்கப்புறம் 180 நாள் வரை 75, அதையும் தாண்டினால் முழுச் சம்பளம். விசாரணைத் தாமதம் உங்களால் வந்ததாக மட்டும் இருக்கக் கூடாது. ஆக நீங்கள் இப்போது 75இல் இருக்க வேண்டியவர், உடனே எழுதிக் கேளுங்கள்.

இது வெறும் பண விஷயம் இல்லை தம்பி. கோலார் தங்கவயலில் பாதுகாப்பு அதிகாரியாக இருந்த பால் அந்தோணி சஸ்பென்ஷனில் கேரளாவில் இருந்தார். நிர்வாகம் பிழைப்பூதியம் தரவில்லை, கையில் காசு இல்லாமல் அவரால் விசாரணைக்குப் போக முடியவில்லை, வராதவர் என்று ஒருதரப்பாக முடித்து டிஸ்மிஸ் செய்துவிட்டார்கள். சோற்றுக்கே வழியில்லாதவனை விசாரணைக்கு வா என்றால் எப்படி வருவான்? உச்ச நீதிமன்றம் 1999இல் அந்த விசாரணையே செல்லாது என்றது, வேலையும் திரும்பக் கிடைத்தது. அதனால் வர முடியாத காரணத்தை விசாரணைத் தேதிக்கு முன்பே எழுத்தில் கொடுத்துவிடுங்கள்.

புகார் கொடுத்த மேனேஜரே விசாரணை அதிகாரி. போகாமல் புறக்கணிக்கலாமா?

வேண்டாம். தன் புகாரைத் தானே விசாரிப்பது அநியாயம்தான், ஆனால் அதை முதல் நாளே, முதல் பக்கத்திலேயே பதிய வையுங்கள். பதிய மறுத்தால் அன்று மாலையே கடிதம். பிற்பாடு லேபர் கோர்ட் பார்க்கப்போவது இந்த விசாரணைத் தாள்களைத்தான், உங்கள் கோபத்தை அல்ல.

ஒவ்வொரு பக்கத்தையும் படித்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். ‘கை பட்டது’ என்று நீங்கள் சொன்னது தாளில் ‘கையால் அடித்தேன்’ என்று ஏறியிருக்கும், நடக்கிற கதைதான். கையெழுத்துக்கு மேலேயே ‘ஆட்சேபத்துடன்: மூன்றாம் பதிலில் நான் சொன்னது கை பட்டது என்பதே’ என்று உங்கள் கையாலேயே எழுதுங்கள். சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்ய விடவில்லை என்றால் அதையும் அங்கேயே எழுதுங்கள்.

வக்கீல் வைக்கலாமா?

உரிமையாகக் கேட்க முடியாது, உங்கள் நிறுவனத்தின் நிலையாணை (வேலை, ஒழுங்கு விதிகள்) என்ன சொல்கிறதோ அதுதான். ஆனால் நிர்வாகம் சட்டம் படித்தவரைக் கொண்டுவந்து நிறுத்தினால் நீங்களும் கேட்கலாம். பம்பாய் துறைமுக வழக்கில் 1982இலேயே இது தீர்ப்பாகிவிட்டது.

நான் அரசு ஊழியர், 17(பி) மெமோ, அதாவது பெரிய தண்டனைக்கான குற்றச்சாட்டு. விசாரணை அறிக்கையைக் கண்ணிலேயே காட்டாமல் டிஸ்மிஸ் ஆர்டர் வந்துவிட்டது.

தண்டனைக்கு முன் அறிக்கை நகலைத் தந்து உங்கள் கருத்தைக் கேட்டிருக்க வேண்டும். கருணாகர் வழக்கில் 1993இல் உச்ச நீதிமன்றம் சொன்னது, தனியார் நிறுவனங்களுக்கும் பொருந்தும். ஆனால் இந்த ஒரு காரணத்துக்காக ஆர்டர் தானாக ரத்தாகிவிடாது. நகல் கிடைத்திருந்தால் என்ன சொல்லியிருப்பேன், அதனால் முடிவு எப்படி மாறியிருக்கும் என்று காட்ட வேண்டும். காட்டினாலும் பொதுவாக அந்தக் கட்டத்திலிருந்து மறுபடி நடத்தத்தான் சொல்வார்கள். எனவே அறிக்கையை இப்போதே கேட்டு வாங்கி, வரிவரியாகப் பதில் எழுதி, மேல்முறையீட்டுக் கெடு முடிவதற்குள் போடுங்கள்.