31 செயல்களும் ஒரு கொலையும்

கேள்வி: எல்லாக் கதைகளும் 31 செயல்களுக்குள் அடங்கிவிடும் என்று ரஷ்ய அறிஞர் விளாதிமிர் பிராப் எப்போதோ நிரூபித்துவிட்டார். அப்புறமும் விமர்சகர்கள் பாத்திரப் படைப்பு, பாத்திரப் படைப்பு என்று ஏன் மாய்ந்துபோகிறார்கள்?
(ஒரு வாசகர், திருச்சி)

பதில்: பிராப் அப்படிச் சொல்லவே இல்லை. 1928இல் லெனின்கிராடில் வெளிவந்த அவருடைய நூல், அஃபனாஸியெவ் தொகுத்த ரஷ்யக் கதைகளில் 100 கதைகளை ஆராய்கிறது. அத்தனையும் மாயக்கதைகள். அவர் வைத்த தலைப்பிலும் அப்படித்தான் இருந்தது; நூல் இன்னும் பலரை ஈர்க்கட்டும் என்று பதிப்பாசிரியர் 'மாய' என்பதை வெட்டிவிட்டார். பின்னாளில் பிரெஞ்சு மானிடவியலாளர் லெவி-ஸ்ட்ராஸுக்கு எழுதிய பதிலில் பிராப்பே இதைச் சொல்கிறார். அந்த வெட்டுதான் உங்களையும் வழிதவற வைத்திருக்கிறது.

அவர் கண்டுபிடித்தது பெரிய விஷயம், சந்தேகமில்லை. ஒரு கதையில் ஜார் மன்னன் நாயகனுக்குக் கழுகைக் கொடுக்கிறான். அது அவனை வேறு நாட்டுக்குத் தூக்கிப் போகிறது. இன்னொன்றில் கிழவர் குதிரை கொடுக்கிறார். மற்றொன்றில் இளவரசி மோதிரம் தருகிறாள். அதிலிருந்து வரும் இளைஞர்கள் அவனைச் சுமந்து போகிறார்கள். ஆளும் பொருளும் மாறினாலும் கொடுப்பதும் கொண்டுபோவதும் மாறுவதில்லை. இப்படி மாறாதவை 31. ஒரே கதையில் அத்தனையும் வர வேண்டியதில்லை.

ஆனால் ஒருவர் ஒன்றை ஏன் செய்கிறார் என்ற காரணம், மாயக்கதையில் மிகவும் நிலையற்ற அம்சம் என்றும் அதே நூலில் எழுதியிருக்கிறார். டிராகன் இளவரசியைக் கடத்துகிறது. ஏன் என்று சொல்லாவிட்டாலும் கதை பாட்டுக்கு நகரும்.

சரி, இந்த அளவுகோலை தஸ்தயேவ்ஸ்கியின் 'குற்றமும் தண்டனையும்' நாவலில் வைத்துப் பாருங்கள். அடகு பிடிக்கும் கிழவியை ரஸ்கோல்னிகோவ் கொல்வது முதல் பாகத்திலேயே முடிந்துவிடுகிறது. அதற்குப் பிறகு ஐந்து பாகங்களும் ஒரு பின்னுரையும் இருக்கின்றன! தான் மனம்திறக்கும் ஏழைப் பெண் சோனியாவிடம் கொலையை ஒப்புக்கொள்ளும்போது, நெப்போலியன் ஆகப் பார்த்தேன் என்கிறான். அம்மாவுக்குப் பாரமாக இல்லாமல் படிக்கத்தான் என்கிறான். அதுவும் இல்லை, எனக்காகவே கொன்றேன் என்கிறான். பிராப்பின் பட்டியலில் இந்தக் கொலைக்கு ஒரு வரி போதும். அவன் தட்டுத்தடுமாறித் தேடும் அந்த 'ஏன்' எந்தப் பட்டியலிலும் ஏறாது. விமர்சகர்கள் பாத்திரப் படைப்பு என்று பேசுவது இதைத்தான்.

1929இல், அதே லெனின்கிராடில், தஸ்தயேவ்ஸ்கியைப் பற்றி ரஷ்ய இலக்கியக் கோட்பாட்டாளர் பக்தின் எழுதிய நூல் வந்தது. தன்னைப் பற்றிய கடைசி வார்த்தையை ஆசிரியரிடம் விட்டுக்கொடுக்காத பாத்திரங்களைப் பற்றி அதில் பேசுகிறார். பிராப்பைப் படித்த கையோடு அதையும் படியுங்கள்.